ஹீரோயின ரசிச்சு ஒரு லவ் ஸ்டோரி எழுதணுமா? முதல்ல அந்தப் பேர எடுங்க

படம் முடிஞ்சு வீட்டுக்கு வந்துட்டோம், சாப்டாச்சு, லைட்ட அணைச்சாச்சு, ஆனாலும் அந்த ஹீரோயின் கடைசி சீன்ல திரும்பிப் பாத்தது மட்டும் மண்டைய விட்டு போகல. அந்தப் பொண்ணு அதுக்கப்புறம் என்ன பண்ணிருப்பா, யார்கிட்ட பேசிருப்பா, அவளுக்கு நல்லதா ஒரு காதல் அமைஞ்சிருந்தா எப்டி இருந்திருக்கும்னு மனசு அதுபாட்டுக்கு ஓடுது. இது உங்களுக்கு நடந்திருந்தா உங்க கைல ஒரு ஃபேன் ஃபிக்‌ஷன் ஏற்கெனவே பாதி ரெடி, அதாவது பிடிச்ச படத்த, பாத்திரத்த வெச்சு ரசிகர் எழுதுற கதை. எழுதுங்க, கூச்சப்படாதீங்க, நான் பத்து வருஷத்துக்கும் மேல இதத்தான் எழுதிட்டு இருக்கேன், இதுல நான் கத்துக்கிட்டத எல்லாம் இங்க கொட்டிடுறேன்.

என் முதல் கதைய காலேஜ் ரெண்டாவது வருஷத்துல எழுதினேன். எனக்கு ரொம்பப் பிடிச்ச ஒரு நடிகை, அவங்க நெஜப் பேர அப்டியே போட்டு, அவங்க ஷூட்டிங்குக்காக எங்க ஊருக்கு வர்ற மாதிரி, ஒரு பையன பாக்குற மாதிரி, எபி எபியா, அதாவது எபிசோட் எபிசோடா, போட்டேன். பதினாலு எபி போச்சு. அப்புறம் ஒருநாள் அவங்களுக்கு கல்யாணம்னு பேப்பர்ல நியூஸ். என் கதைக்குள்ள அவங்க வேற ஒருத்தன் தோள்ல சாஞ்சு அழுதுட்டு இருந்தாங்க. அன்னைக்கு ராத்திரி ஒரு ரீடர், அதுவரைக்கும் ஒரு வார்த்த பேசாம படிச்சிட்டு இருந்த ஒரு அக்கா, ஒரே ஒரு லைன் அனுப்பினாங்க, "தம்பி, இத அந்தப் பொண்ணோட அம்மா படிச்சா என்ன நெனைப்பாங்க?" எனக்கு பதில் வரல. பதினாலு எபியும் எடுத்துட்டேன். ரெண்டு மாசம் கழிச்சு அதே கதைய வேற பேர், வேற வேலை, வேற ஊர்னு மாத்தி எழுதினப்பதான் ஒண்ணு புரிஞ்சுது, பேர எடுத்ததும் கதை நல்லாயிடுச்சு. ஏன்னா அதுவரைக்கும் நான் பாத்திரத்தையே உருவாக்கல, அந்தப் பேர் எனக்காக எல்லா வேலையும் பண்ணிட்டு இருந்துச்சு. படிக்கிறவங்களுக்கு முகம் தெரியும், சிரிப்பு தெரியும், நான் எதையும் எழுதத் தேவையில்லாம போச்சு.

நம்ம ஆளுங்க இத என்னைக்கோ சொல்லி வெச்சிருக்காங்கங்கறது எனக்கு அப்ப தெரியாது. தொல்காப்பியத்துல அகத்திணையியல்ல ஒரு விதி இருக்கு, காதலப் பத்தி பாடுற அகப்பாட்டுல "சுட்டி ஒருவர்ப் பெயர்கொளப் பெறாஅர்"னு. அதாவது இன்னார்னு ஒருத்தர் பேர சுட்டிச் சொல்லக்கூடாது. தலைவன், தலைவி, தோழி, அவ்ளோதான். பேர் வந்துட்டா அது அகம் இல்ல, போர், அரசன்னு வெளி வாழ்க்கையப் பாடுற புறம். இதுல எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயம் நெடுநல்வாடைங்கற சங்கப் பாட்டு. புருஷன் போர்ப் பாசறைல இருக்கான், ராணி தூக்கம் வராம படுத்திருக்கா, பக்கா பிரிவுக் கதை, யார் பேரும் கெடையாது. ஆனா ஒரே ஒரு எடத்துல வேப்பந்தார் கட்டுன வேல்னு வருது. வேம்பு பாண்டியனோட அடையாளம். அந்த ஒரு அடையாளம் போதும், இது அகத்துல சேராது, புறம்தான்னு நச்சினார்க்கினியர் உரைல சொல்லிட்டார்.

நான் என் கதைகள இந்த வேம்ப வெச்சுதான் சோதிக்கிறேன். எழுதி முடிச்சிட்டு படிச்சு பாக்கணும், எங்கயாவது வேம்பு ஒட்டிட்டு இருக்கா? நெஜ நடிகையோட ஊர், அவங்க பச்சை குத்திருக்கறது, அவங்க நாய்க்குட்டி பேர், அவங்க பிரேக் அப், அவங்க அப்பா இறந்த விஷயம், இப்டி எது இருந்தாலும் அது வேம்புதான். பேர மட்டும் ஒரு எழுத்து மாத்திட்டு மீதி எல்லாத்தையும் அப்டியே விட்டா படிக்கிறவங்களுக்கு ரெண்டாவது பாராலயே தெரிஞ்சுடும், அது பேர் போட்டு எழுதுனதுக்குச் சமம்.

சரி, அப்ப நம்ம ரசிச்சதுல எத எடுத்துக்கறது? இங்க கொஞ்சம் நிதானமா யோசிங்க. நீங்க ஸ்க்ரீன்ல பாத்து மயங்குன பொண்ணு ஒரே ஆள் இல்ல. வசனம் ஒருத்தர் எழுதிருப்பார், நடிகை நடிச்சிருப்பாங்க, எந்த நேரத்து வெளிச்சத்துல முகம் எப்டி தெரியணும்னு கேமராமேன் முடிவு பண்ணிருப்பார், அந்தப் பொடவைய ஒரு காஸ்ட்யூம் டிசைனர் தேர்ந்தெடுத்திருப்பாங்க, பாட்ட இன்னொருத்தர் பாடிருப்பாங்க, பல நேரம் பேசுற குரல்கூட வேற ஒருத்தரோடது. 2018ல வந்த 96 படத்துல ஜானுவா நடிச்சது த்ரிஷா, ஆனா நம்ம காதுல இன்னும் கேக்குதே அந்தக் குரல், அது சின்மயி குரல். நயன்தாராவுக்கு பல படத்துல தீபா வெங்கட் குரல் குடுத்திருக்காங்க. நம்ம லவ் பண்ணது இத்தன பேர் சேந்து செஞ்ச ஒரு கற்பனப் பொண்ண. நீங்க அந்த வரிசைல கடைசியா வந்து சேர்ற இன்னொரு ஆள். அந்தக் கற்பனப் பொண்ண எடுத்துக்க நம்ம மாதிரி ரசிகனுக்கு ஒரு உரிமை இருக்குன்னு நான் நெனைக்கிறேன், ஆனா பேக்கப் ஆனதும் வண்டி ஏறி வீட்டுக்குப் போறாங்களே ஒரு மனுஷி, அவங்க வாழ்க்கைல நமக்கு எடமே இல்ல.

எடுத்துக்கற வேலைய எப்டி பண்றதுன்னா, உங்களுக்குப் பிடிச்ச மூணு சீன் எடுங்க. முதல் தடவ சவுண்ட ம்யூட்ல வெச்சு பாருங்க, கை என்ன பண்ணுது, எப்ப கீழ பாக்குறா, பதில் சொல்றதுக்கு முன்னாடி எவ்ளோ நேரம் எடுத்துக்கறா, இதெல்லாம் நோட்டுல எழுதுங்க. ரெண்டாவது தடவ ஸ்க்ரீன மூடிட்டு காதால மட்டும் கேளுங்க, மூச்சு எங்க வாங்குறா, எந்த வார்த்தைய இழுக்குறா, கோவத்துல குரல் ஏறுதா இறங்குதா. இப்டி பண்ணா ஒரு மணி நேரத்துல ஒரு பக்கம் நெறையும், அந்தப் பக்கத்துல "மான்விழி", "தேவதை", "நிலவு முகம்" மாதிரி ஒண்ணும் இருக்காது பாருங்க, எல்லாமே அவ செய்யிற காரியமா இருக்கும். அதான் நமக்கு வேணும். "அழகான கண்கள்"னு எழுதினா யாருக்கும் ஒண்ணும் தெரியாது, "பொய் சொல்றப்ப மட்டும் நேரா பாப்பா"ன்னு எழுதினா ஒரு பொண்ணு எழுந்து நிப்பா.

இதுக்கு மேல ரெண்டு வழி இருக்கு. ஒண்ணு, படத்துல வந்த பாத்திரத்தையே எடுத்து எழுதுறது. இன்னொண்ணு, அந்த சாயல மட்டும் வெச்சுட்டு முழுசா உங்க சொந்த ஹீரோயின செய்யிறது. புதுசா ஆரம்பிக்கிறவங்களுக்கு முதல் வழி ஈஸி, ஆனா அதுலயும் ஒரு சூட்சுமம் இருக்கு. படம் காட்டுனத திருப்பி எழுதாதீங்க, படம் காட்டாத எடத்த தேடுங்க. 1986ல வந்த மௌன ராகத்துல ரேவதி நடிச்ச திவ்யாகிட்ட கிஃப்ட் என்ன வேணும்னு புருஷன் கேக்குறான், அவ விவாகரத்து வேணும்ங்கறா, கோர்ட்டுக்காக ஒரு வருஷம் ஒரே வீட்ல இருக்கணும்னு ஆயிடுது. படம் ரெண்டு ரெண்டரை மணி நேரம், வருஷத்துக்கு 365 நாள். அதுல படத்துல வராத ஒரு சாதாரண செவ்வாய்க்கிழமை என்ன நடந்துச்சு? டெல்லி குளிர்ல பால் பொங்கி வழிஞ்சுடுச்சு, அவன் தொடைக்க வர்றான், அவ வேணாம்ங்கறா, அது போதும், ஒரே எபில முடியிற ஒரு ஒன் ஷாட்டுக்கு. அதே மாதிரி ஜானு சிங்கப்பூர் போற ஃப்ளைட்ல அந்த சில மணி நேரம். பக்கத்து சீட்ல ஒரு வயசான அம்மா இருந்து "என்னம்மா, யார விட்டுட்டு வர்ற?"ன்னு கேட்டா அவ என்ன சொல்லுவா? இப்டி ஓட்டை தேடிப் பழகுங்க. ஒண்ணு மட்டும் கண்டிப்பா சொல்லணும், படத்துல ஸ்கூல் படிக்கிற வயசுல வர்ற பகுதிய வெச்சு காதல் நெருக்கம் எதுவும் எழுதாதீங்க. வளந்த ஆளுங்களா இருக்கற பகுதில நில்லுங்க.

பாத்திரத்த எடுத்து எழுதுறப்ப அதோட குணத்த மீறாம இருக்கணும். திவ்யா சட்டுனு ஓடி வந்து காலப் புடிச்சு மன்னிப்பு கேக்குறானு எழுதினா அது திவ்யா இல்ல, திவ்யா பேர்ல வேற யாரோ. சந்தேகம் வந்தா அந்த வசனத்த படத்துல கேட்ட குரல்ல மனசுக்குள்ள சொல்லிப் பாருங்க, ஒட்டலைன்னா காது உடனே சொல்லிடும்.

ரெண்டாவது வழிதான் எனக்குப் பிடிச்சது. சாயல வெச்சு சொந்தப் பொண்ண செய்யிறது. என் கணக்கு என்னன்னா நோட்டுல எழுதுனதுல ரெண்டே ரெண்டு பழக்கத்த வெச்சுக்கறேன், மீதி எல்லாத்தையும், வேலை, ஊர், வீட்டு ஆளுங்க, பேசுற தமிழ், வயசு, எல்லாத்தையும் மாத்திடுறேன். அப்புறம் அவளுக்கு காதலுக்கு சம்பந்தமே இல்லாத ஒரு ஆச குடுக்கறேன். இது ரொம்ப முக்கியம், ஏன்னா நம்ம கதைங்கள்ல பாதில ஹீரோயினுக்கு ஹீரோவ பாக்குறத தவிர வேற வேலையே இருக்காது, அவன் வராத எபில அவ என்ன பண்றதுன்னு ரைட்டருக்கே தெரியாம மாடில நின்னு மழைய பாத்துட்டு இருப்பா.

உதாரணத்துக்கு இப்ப நான் எழுதிட்டு இருக்கற கதை. சினிமா வாசனை வேணும், ஆனா நடிகை வேணாம்னு யோசிச்சேன். அதனால ஹீரோயின் ஒரு டப்பிங் ஆர்டிஸ்ட், பேர் செண்பகம், சாத்தூர்ல இருந்து சென்னை சாலிகிராமம் வந்தவ. ஊரே ரசிக்கிற ஒரு ஹீரோயினுக்கு இவதான் குரல், பஸ்ல பக்கத்துல ஒக்காந்திருக்கறவங்க அந்தப் பட வசனத்த பேசி சிரிச்சிட்டு வருவாங்க, இவ ஜன்னல் பக்கம் திரும்பிக்குவா. ஒருநாளாவது டைட்டில்ல தன் பேர் தனியா ஒரு கார்டுல வரணும்ங்கறது அவ ஆச. ஹீரோ அருள், சவுண்ட் இன்ஜினியர். ரெண்டு பேருக்கும் நடுவுல எப்பவும் ஒரு கண்ணாடி. அவ உள்ள மைக் முன்னாடி, அவன் வெளிய கன்சோல்ல. அவன் அவ முகத்த பாக்குறத விட அவ மூச்ச கேட்டதுதான் அதிகம். முதல் சீன் இப்டி வருது:

"ஒன் மோர் போலாமா?" டாக்பேக் மைக்ல அருள் கேட்டான்.

"லிப் சிங்க் விட்டுடுச்சா?"

"சிங்க் ஓகேங்க. ஸ்க்ரீன்ல அவங்க அழுகைய அடக்குறாங்க. நீங்க அழுதுட்டீங்க."

செண்பகம் ஹெட்ஃபோன கழட்டி ஸ்டாண்டுல மாட்டினாள். கண்ணாடில அவ முகமும் அவன் முகமும் ஒண்ணு மேல ஒண்ணா விழுந்துச்சு. ஒரு டம்ளர் தண்ணி முழுசா குடிச்சிட்டு, மறுபடி மாட்டிக்கிட்டு, "போலாம்"னாள்.

அடுத்த டேக்ல அவன் எதுவும் சொல்லல. ஆனா முதல் டேக்க அழிக்கவும் இல்ல.

இதுல ஐ லவ் யூ இல்ல, கண்ணுல மின்னல் இல்ல, ரோட்ல மோதி புக்ஸ் விழல. கடைசி லைன்ல அவனுக்கு என்னமோ ஆயிடுச்சுன்னு படிக்கிறவங்களே கண்டுபிடிச்சுடுவாங்க. சந்திப்பு சீன் எழுதுறப்ப எப்பவும் ரெண்டு பேரும் வேலை பாத்துட்டு இருக்கற மாதிரி வைங்க, வேலை பாக்குற மனுஷங்கதான் நடிக்காம இருப்பாங்க, அப்ப மனசு கசியிற எடம் தானா வரும். உங்களுக்கு டப்பிங் தெரியலைன்னா தெரிஞ்ச வேலைய எடுங்க, பேங்க், ரேஷன் கடை, டயாலிசிஸ் வார்டு, எதுவா வேணா இருக்கட்டும், அந்த வேலைல தெனமும் பொழங்குற மூணு வார்த்த உங்களுக்குத் தெரிஞ்சிருக்கணும்.

இப்ப தமிழ்ல லவ் ஸ்டோரி எழுதுறவங்களுக்குன்னே ஒரு வரம் இருக்கு, அத நெறைய பேர் பயன்படுத்தறதே இல்ல. நீங்க, நீ, டா, டி. ஒரு உறவு எங்க நிக்குதுன்னு இந்த ஒத்த எழுத்துல சொல்லிடலாம். ஆனா நம்ம கதைங்கள்ல ரெண்டாவது எபிலயே ஹீரோ "வாடி"ன்னுடுவான், அப்புறம் இறங்குறதுக்கு படியே இல்ல. பொறுமையா இறங்குங்க. முதல்ல நீங்க. அப்புறம் நீங்கவும் இல்லாம நீயும் இல்லாம ஒரு எடம் இருக்கு பாருங்க, அதான் எனக்கு உயிர். "சாப்டாச்சா?" "கெளம்பலாமா?" "நாளைக்கு வர்றதா இருக்கா?" இதுல மரியாதையும் தெரியாது, உரிமையும் தெரியாது. நீங்கன்னு சொல்ல மனசில்ல, நீன்னு சொல்ல தைரியம் இல்ல, அந்த நெலைமைல நம்ம எல்லாரும் இப்டித்தான் பேசிருக்கோம். அந்த எடத்துல உங்க ஜோடிய நாலஞ்சு எபி நிக்க வைங்க. அப்புறம் ஒருநாள் அவளுக்கு காய்ச்சல், ஃபோன்ல அவன் பதறிப் போய் "மாத்திர போட்டியா?"ன்னுடுறான். ரெண்டு பேருமே கவனிச்சுடுறாங்க. ரெண்டு பேருமே அதப் பத்தி பேசல. ரீடர்ஸ் கமெண்ட்ல கத்துவாங்க, நீங்க வேணா பாருங்க.

சண்டை வந்தா திரும்ப மேல ஏத்துங்க. நேத்து வரைக்கும் "டா" போட்டவ இன்னைக்கு "சொல்லுங்க"ன்னு ஆரம்பிச்சா அது அறைஞ்ச மாதிரி. ஆனா ஊரப் பாத்து செய்யணும், கோயம்புத்தூர் பக்கத்து ஆளுங்களுக்கு "ங்க" சாதாரணப் பேச்சுலயே சரளமா வரும், அங்க "சொல்லுங்க"ன்னா கோவம்னு அர்த்தம் வராது, வேற எதாவது யோசிக்கணும். செண்பகம் சாத்தூர்க்காரிங்கறதால வீட்டுக்கு ஃபோன் பேசுறப்ப மட்டும் அவ தமிழ் மாறும், மைக் முன்னாடி சுத்தமா ஊரே தெரியாது. ஒரு எபில அவ அருள்கிட்ட மொத தடவ ஊர்த் தமிழ்ல பேசிடுறா, என் கதைல அதுதான் ஐ லவ் யூ.

வர்ணனைய எழுத்துத் தமிழ்ல எழுதுறதா பேச்சுத் தமிழ்லயான்னு நெறைய பேர் கேப்பாங்க. எதுவா வேணா இருக்கட்டும், ஆரம்பிச்சத மாத்தாம கொண்டு போங்க. வசனம் மட்டும் கண்டிப்பா பேச்சுத் தமிழ்தான். "நான் உன்னை மிகவும் நேசிக்கிறேன்"னு யாரும் யார்கிட்டயும் சொன்னதில்ல.

கதை எந்தப் பக்கம் போகுதுன்னு தெரியாம நடுவுல மாட்டிக்கிட்டா நான் திணைகிட்டதான் போவேன், அகப்பாட்ட அஞ்சு நெலமா, அஞ்சு நெலைமையா பிரிச்சு வெச்சிருக்கறது. சேர்றது குறிஞ்சி, காத்திருக்கறது முல்லை, ஊடல் மருதம், ஏங்கறது நெய்தல், பிரியிறது பாலை. ஒவ்வொண்ணுக்கும் பொழுதும் சொல்லிருக்காங்க, குறிஞ்சிக்கு நள்ளிரவு, முல்லைக்கு சாயங்காலம், மருதத்துக்கு விடியக்காலை, பாலைக்கு உச்சி வெயில். இத அப்டியே இன்னைக்கு வெச்சு பாருங்க. சண்டைய ராத்திரி மொட்டமாடில வெக்காம காலைல ஆறரைக்கு வைங்க, குக்கர் விசில் அடிக்குது, தண்ணி லாரி வந்துடுச்சு, கத்தவும் முடியாது, பேசாம இருக்கவும் முடியாது. ஊருக்குப் போறவள வழியனுப்புறத மழைல வெக்காம மத்தியானம் ரெண்டு மணிக்கு கோயம்பேடு வெயில்ல வைங்க, தார் உருகுது, நெழலுக்கு ஒதுங்க எடமில்ல. காத்திருக்கற சீனுக்கு சாயங்காலம், ஸ்ட்ரீட் லைட் ஒண்ணொண்ணா எரியிற நேரம். எப்டி இதெல்லாம் அன்னைக்கே புடிச்சாங்கன்னு எனக்கு ஒவ்வொரு தடவையும் ஆச்சரியமா இருக்கும். தோழியையும் மறக்காதீங்க, அகப்பாட்டுல பாதிப் பேச்சு தோழி பேச்சுதான். ஹீரோயின் மனசுல நெனைக்கிறத எல்லாம் அவளே பக்கம் பக்கமா நெனைக்காம, கூட ரூம்ல தங்கிருக்கற ஒருத்தி "என்னடி, இன்னைக்கு ரெண்டு தடவ தல வாரிட்ட?"ன்னு கேட்டா ஒரு லைன்ல முடிஞ்சுடும்.

நெருக்கமான சீன் எழுதலாமான்னு கேட்டா, எழுதலாம், அது உங்க கற்பனைல பொறந்த வயசு வந்த ஆளுங்களா இருந்தா. ரெண்டு பேருக்கும் விருப்பம் இருக்கறது அந்த சீனுக்குள்ளயே தெரியணும். ஹீரோ பின்னாடியே சுத்தி, கைய புடிச்சு இழுத்து, அறைஞ்சு, அப்புறம் அவளுக்கு காதல் வந்துடுச்சுன்னு எழுதுறத நான் படிக்கிறதே இல்ல, ரசிச்ச பொண்ணுக்கு ஒரு கதை எழுதுறேன்னு சொல்லிட்டு அவளுக்கு ஏன் அந்தக் கொடுமை? ஒரு நல்ல நெருக்க சீன்ல என்ன நடக்குதுங்கறத விட யார் முதல்ல நிறுத்துறா, நிறுத்திட்டு என்ன பேசுறாங்கங்கறதுதான் நெலைக்கும்.

நெஜமான நடிகை பேர்லயோ அடையாளத்துலயோ இந்த மாதிரி எதுவும் வேணவே வேணாம். இது தப்புங்கறது ஒரு பக்கம், சட்டமும் இருக்கு. 1994ல தூக்கு தண்டனைக் கைதி ஆட்டோ சங்கரோட சுயசரிதை விஷயத்துல நக்கீரன் பத்திரிகை போட்ட வழக்குலயே சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு, பொது ஆவணத்துல இருக்கறத எழுதலாம், ஆனா ஒருத்தரோட குடும்பம், கல்யாணம் மாதிரி அந்தரங்க வாழ்க்கைய அவங்க சம்மதம் இல்லாம வெளியிடக் கூடாதுன்னு. வெளிப்படையான பாலியல் சமாச்சாரத்த ஆன்லைன்ல வெளியிடுறதுக்கு 2000ம் வருஷத்து ஐடி சட்டம் 67ஏ பிரிவுல முதல் தடவையே அஞ்சு வருஷம் வரைக்கும் ஜெயில், பத்து லட்சம் வரைக்கும் அபராதம். அவதூறுக்கு தனியா வழக்கு வரும். "இது கற்பனையே"ன்னு மேல ஒரு லைன் போட்டா தப்பிச்சுடலாம்னு நெனைக்காதீங்க, அடையாளம் தெரிஞ்சுட்டா அந்த லைன் காப்பாத்தாது. கவர் படத்துக்கு நடிகை ஃபோட்டோ எடுத்து ஏஐல ஹீரோ பக்கத்துல நிக்க வெக்கிறதும் இதே கணக்குதான். என் கவர்ல ஒரு ஹெட்ஃபோன் படம் இருக்கு, அவ்ளோதான், தங்கச்சி வரைஞ்சு குடுத்தா.

பாட்டு வரி வெக்கிற பழக்கமும் கொஞ்சம் பாத்து. எபிக்கு நடுவுல சினிமா பாட்ட முழுசா டைப் பண்ணி போடுறது நம்ம கதைங்கள்ல சகஜம், ஆனா இந்தியால எழுத்துக்கு காப்புரிமை எழுதுனவர் இறந்து 60 வருஷம் வரைக்கும் இருக்கு. கண்ணதாசன் இறந்தது 1981, கணக்கு போட்டுக்கோங்க. அவ "அந்தப் பாட்ட" முணுமுணுத்தானு எழுதினாலே ரீடர் மனசுல அவங்கவங்க பாட்டு ஓடும். வரி வேணும்னே ஆச இருந்தா பாரதியார் இருக்கார், நாட்டுடைமை ஆனவர், குறுந்தொகை இருக்கு. செம்புலப் பெயல்நீர்னு ஒரு கவிஞர் எழுதினாரே, அவர் பேர்கூட நமக்குத் தெரியல, அந்த உவமையையே பேரா வெச்சு செம்புலப்பெயனீரார்னு கூப்பிடுறோம், அத விட ஒரு காதல் வரி எங்க போய் தேடுறது.

பாத்திரத்த எடுத்து எழுதினா எந்தப் படம், அந்தப் பாத்திரம் அத உருவாக்குனவங்களுக்கு சொந்தம், இது ரசிகர் எழுதுனதுனு முதல் எபிலயே சொல்லிடுங்க, அதுக்கு காசு வாங்காதீங்க. சொந்தப் பாத்திரம்னா உங்களுது, தாராளமா. போடுறதுக்கு பிரதிலிபி, வாட்பேட்னு எடம் இருக்கு, எங்க போட்டாலும் அஞ்சு எபியாவது கைல எழுதி வெச்சுட்டு முதல் யூடி (அப்டேட்) குடுங்க, இல்லைன்னா பரீட்சை வரும், காய்ச்சல் வரும், கதை அந்தரத்துல நிக்கும். சைலண்ட் ரீடர்ஸ நெனச்சு மனசு ஒடையாதீங்க. என் கதைய திருத்துன அந்த அக்காவே பதினாலு எபி சைலண்ட்டா இருந்தவங்கதான். இன்னொண்ணு, போடுறதுக்கு முன்னாடி ஒரு தடவ வாய்விட்டு படிங்க, நாக்கு தட்டுற எடம் எல்லாம் நீங்க பேசாத தமிழ், அத மாத்துங்க.

கடைசியா அந்த வேம்பு சோதனை. நமக்கே நம்ம கதைல இருக்கற வேம்பு தெரியாது, அதனால நெறைய படம் பாக்குற ஒரு ஃப்ரெண்டுகிட்ட குடுங்க, எதுவும் சொல்லாம, "இத படிச்சா யார் ஞாபகம் வருது?"ன்னு மட்டும் கேளுங்க. ஒரு நடிகை பேர் சொன்னா பயப்படாதீங்க, எதனாலனு கேளுங்க. "அந்த மாதிரி பாத்துட்டு பேசுறா"ன்னா அது நீங்க ரசிச்சது, இருக்கட்டும். "அவங்களுக்கும் இப்டித்தானே நடந்துச்சு"ன்னா அது வேம்பு, அந்த எடத்த எடுத்துட்டு வேற எழுதுங்க.

செண்பகம் கதையோட முதல் ஆறு எபிய போன மாசம் என் ஃப்ரெண்டுகிட்ட குடுத்தேன். எந்தப் படத்துல எந்த சீன் எத்தனாவது நிமிஷம்னு சொல்ற ஆளு அவ. ரெண்டு நாள் கழிச்சு ஃபோன் பண்ணா. யார் ஞாபகம் வருதுன்னு கேட்டேன். கொஞ்ச நேரம் யோசிச்சிட்டு, "எங்க சித்தி"ன்னா.